பழம் இறங்கும் வரை

அமரெச்சின் வாய்க்குப் பயந்து காக்கைகூட வேலிக்கு அந்தப் பக்கம்தான் உட்காரும் என்று அவள் கொழுந்தன் அன்ஜுலோ ஊர் முழுக்கச் சொல்லிவைத்திருந்தான். அது அவள் காதுக்கும் வந்தது. "காக்காய்க்கு இருக்கிற புத்தி அவனுக்கு இல்லையே, வேலிக்கு இந்தப் பக்கம் வந்துல்ல நிக்கிறான்" என்றாள்.

அவன் வந்து நின்றது அவளுடைய ஆப்பிள் தோட்டத்தில். சென்சா மலையில் வீட்டைச் சுற்றி நாலு ஆப்பிள் மரமாவது இல்லாத குடும்பம் குறைவு. ஆனாலும் அமரெச்சின் எட்டு மரங்களுக்குத் தனி மதிப்பு. மற்றவர்கள் மழைக்காலத்தில் பழம் சிவந்ததும் கழியால் தட்டி, சாக்கில் கொட்டி, கிடைத்த விலைக்குச் சந்தையில் தள்ளிவிட்டு வருவார்கள். அவள் ஒரு பழத்தைக்கூடத் தட்டமாட்டாள். உள்ளங்கையில் ஏந்தி, லேசாக மேலே தூக்கி ஒரு திருகு. காம்போடு கையில் வர வேண்டும். வராவிட்டால் இன்னும் நாள் இருக்கிறது என்று விட்டுவிடுவாள். காம்பு போன பழமும் கன்றிப்போன பழமும் அன்றைக்கே அடுப்புக்கோ ஆட்டுக்கோ போய்விடும். நல்லதை மட்டும் காய்ந்த வாழைச் சருகில் சுற்றி, மூங்கில் தட்டில் ஒன்றை ஒன்று தொடாமல் அடுக்கி, அடுப்புப் புகை போகாத வடக்குப் பக்கப் பரணில் ஏற்றிவைப்பாள். தினமும் காலையில் பரணில் தலையை நுழைத்து மோந்து பார்ப்பாள். எந்தத் தட்டில் ஒரு பழம் கெடப்போகிறது என்பது அவள் மூக்குக்கு முதல் நாளே தெரிந்துவிடும்.

மழையெல்லாம் ஓய்ந்து மஸ்கல் திருநாள் வரும். தலைநகரில் தறி போட்டிருக்கும் பிள்ளைகள் எல்லாம் கையில் காசோடும் வாயில் ஆசையோடும் மலையேறுவார்கள். அந்த நேரம் சந்தையில் ஆப்பிள் இருப்பது அமரெச்சின் கூடையில் மட்டும்தான். புருஷன் தாங்கா காய்ச்சலில் போன பிறகு அவளுக்கு உப்பும் எண்ணெயும் உடுக்கத் துணியும் வந்தது இந்தப் பரணிலிருந்துதான்.

தாங்காவின் தம்பிதான் அன்ஜுலோ. சின்ன வயதிலேயே தறி வேலைக்கென்று தலைநகர் அடிஸ் அபாபாவுக்குப் போனவன். அண்ணன் செத்ததற்கும் வரவில்லை. சாவு முடிந்து இரண்டு மழைக்காலம் கழித்து, வுபாலெம் என்ற பெண்டாட்டியையும் தகரப் பெட்டி ஒன்றையும் கூட்டிக்கொண்டு வந்து இறங்கினான். பாழாய்க் கிடந்த அப்பன் குடிசையில் குடியேறி, மறுநாளே ஆப்பிள் மரங்கள் நின்ற மேல் தோட்டத்தைக் காலால் அளந்தான்.

"இது அப்பா நிலம். இதுல எனக்குப் பங்கு உண்டு. இங்க தகரம் போட்ட வீடு கட்டப் போறேன். வெள்ளைக்காரங்க மலை பார்க்க வர்றாங்க, தங்க எடமில்லாம திரும்பிப் போறாங்க. நான் எடம் குடுக்கப் போறேன்" என்றான்.

"கட்டு. எங்க வேணாலும் கட்டு. என் மரம் நிக்கிற எடத்துல கட்டாதே."

"மரத்தை வெட்டினா எடம் வந்துட்டுப் போகுது."

அமரெச் மண்வெட்டியைக் கீழே போட்டாள். "உங்கண்ணன் செத்தப்ப ஒரு பிடி மண்ணு போட வராத கை, அவன் நட்ட மரத்தை வெட்ட மட்டும் வருதா?"

"எங்கண்ணன் நட்டாரு. கன்னு வாங்கின காசு யாரோடது? கேட்டுப் பார்த்தியா அண்ணி?"

அவள் கேட்டதில்லை. கேட்காமலே தெரியும். தறிக்குழியில் காலைத் தொங்கப்போட்டு, நெய்யோ நெய்யென்று நெய்து, அவன் பண்டிகைக்குப் பண்டிகை ஆள் மூலம் அனுப்பியதில்தான் அந்த ஒட்டுக் கன்றுகள் வந்தன. 'அவன் எங்கே திரும்பப் போறான்' என்று தாங்கா சொன்னான். அவளும் அப்படித்தான் நினைத்தாள். அதை இப்போது ஒத்துக்கொள்வதைவிட நாக்கைக் கடித்துத் துப்பிவிடுவாள்.

"காசு முளைக்குமாடா? நான் கீழ் ஓடையிலேர்ந்து தண்ணி சுமந்தேன். கோடை பூரா சுமந்தேன். என் முதுகைப் பாரு, அதுல எழுதியிருக்கும் யார் மரம்னு."

விவகாரம் ஊர் கூடும் புல்வெளிக்குப் போனது. பெரியவர்கள் போர்வையை இழுத்துப் போர்த்திக்கொண்டு கல்லில் உட்கார்ந்தார்கள். இரண்டு பேரும் மாறி மாறிப் பேசினார்கள். ஒருவர் பேசும்போது மற்றவர் வாய் திறக்கக் கூடாது என்பது அந்தப் புல்வெளியின் கட்டு. அமரெச் அதற்காக முந்தானையைச் சுருட்டி வாயில் வைத்துக் கடித்துக்கொண்டாள்.

கடைசியில் ஜாகா பெரியவர் தீர்ப்பைச் சொன்னார். மேல் தோட்டம் தம்பியின் பங்கு. நிலத்தோடு மரமும் அவனுக்கு. ஆனால் மரத்தில் இப்போது பிஞ்சு பிடித்திருக்கிறது. அது வளர்த்தவளுடையது. "பழம் இறங்கற வரைக்கும் அன்ஜுலோ மரத்துல கை வைக்கக் கூடாது. இறங்கின பிறகு அமரெச் தோட்டத்துல கால் வைக்கக் கூடாது."

அமரெச் வாயிலிருந்து துணியை எடுத்தாள். "பெரியவரே, ஒரே ஒரு பழம் மரத்துல இருந்தாலும்?"

"ஒரு பழம் இருந்தாலும் மரம் உன் பொறுப்புதான்."

அன்ஜுலோ சிரித்துவிட்டான். "ஒத்தப் பழத்தை வச்சுக்கிட்டு என்ன பண்ணப் போற அண்ணி? பொட்டு வச்சுப் பூசை பண்ணப் போறியா?"

அவள் பேசாமல் வீடு திரும்பியதைப் பார்த்தவர்கள், கிழவி அடங்கிவிட்டாள் என்று நினைத்தார்கள்.

மழை பிடித்தது. பழம் சிவந்தது. கீழ் வரிசை மரங்களில் சீக்கிரம் பழுப்பதை அமரெச் வழக்கம்போலத் திருகி இறக்கிப் பரணில் ஏற்றினாள். மரத்துக்கு மரம் நாலைந்து பழங்களை, அதுவும் காம்பு தடித்ததாக, கிளையின் உள்பக்கம் ஒளிந்திருப்பதாகப் பார்த்து விட்டுவைத்தாள். மேல் வரிசையில் பச்சையாகவே பழுக்கும் கல் போன்ற ரகம் இரண்டு மரம். அவற்றில் கையே வைக்கவில்லை. பிறகு ஒரு நாள் நாரும் வாழைச் சருகுமாக ஏணியைத் தூக்கிக்கொண்டு வந்தாள். விட்டுவைத்த ஒவ்வொரு பழத்துக்கும் சருகால் ஒரு சட்டை மாட்டினாள். மழைத் தண்ணீர் உள்ளே நிற்காதபடி அடியில் திறப்பு விட்டாள். காம்பைத் தாங்கும்படி நாரால் கிளையோடு சேர்த்துத் தூளி கட்டினாள். பரணில் செய்வதை மரத்திலேயே செய்தாள்.

முதலில் அன்ஜுலோவுக்குப் புரியவில்லை. வேலியில் கையை ஊன்றிக்கொண்டு கேலி பேசினான். "என்ன அண்ணி, மரத்துக்கெல்லாம் கம்மல் போட்டு அழகு பாக்குறே? எப்போ கல்யாணம்?"

"உன் வீட்டுக்குக் கடக்கால் தோண்டற அன்னிக்கு. வந்துடு."

புரிந்ததும் அவன் முகம் கறுத்தது. கோடரியைத் தீட்டித் தயாராக வைத்திருந்தான். மரம் வெட்ட ஆள், தகரத்துக்கு முன்பணம், எல்லாம் பேசிவைத்திருந்தான். நேராகப் பெரியவர்களிடம் ஓடினான். "அவ ஏமாத்தறா! பழத்தை மரத்துல கட்டி வச்சிருக்கா! இப்படிப் பார்த்தா அடுத்த வருஷப் பூ வரைக்கும் கட்டி வச்சிருப்பா!"

பெரியவர்களில் ரெண்டு பேருக்குச் சிரிப்பு வந்தது. ஜாகாவுக்கு வரவில்லை. சொன்ன சொல் தன் சொல்லாயிற்றே. யோசித்துவிட்டு, "காம்பு கிளையில ஒட்டியிருந்தா அது மரத்துல இருக்கிற பழம். காம்பு விட்டிருந்தா, நீ நாரால கட்டினாலும் சரி, சங்கிலியால கட்டினாலும் சரி, அது விழுந்த பழம். தினமும் ரெண்டு பேரும் சேர்ந்து பாருங்க" என்றார்.

அதிலிருந்து தொடங்கியது காலைக் கூத்து. பனிமூட்டம் விலகியதும் அன்ஜுலோ தோட்டத்துக்குள் வருவான். அமரெச் ஏணியோடு நிற்பாள். ஒவ்வொரு சட்டையாக அவள் விலக்கிக் காட்டுவாள். அவன் கண்ணை இடுக்கிக்கொண்டு காம்பைப் பார்ப்பான்.

"இது விட்டுருச்சு."

"கண்ணைத் தொடைச்சிக்கிட்டுப் பாரு. தறியில நூல் எண்ணி எண்ணி உன் கண்ணு போயிருச்சு."

"எந்தத் தறியில? உனக்குக் கன்னு வாங்கக் காசு நெய்ஞ்சேனே, அந்தத் தறியிலயா?"

"ஆமா, அந்தத் தறியிலதான். நல்லா நெய்ஞ்சிருந்தா இந்நேரம் அங்கேயே ராஜா மாதிரி இருந்திருப்பே. ஒண்ணும் இல்லாமத்தானே இங்க வந்து நிக்கிறே."

அவன் ஏணியைப் பிடித்து ஒரு உலுக்கு உலுக்கினான். அவள் கிளையைப் பிடித்துத் தொங்கி, காலால் அவன் தோளில் ஒரு உதை விட்டாள். இரண்டு பேரும் சுற்றுமுற்றும் பார்த்தார்கள். யாரும் பார்க்கவில்லை. ஏணியைச் சரியாக வைத்துவிட்டு அடுத்த பழத்துக்குப் போனார்கள்.

ஒரு நாள் காம்பு விட்ட பழம் ஒன்று உண்மையிலேயே சருகுக்குள் கிடந்தது. அவன் அதை எடுத்து அவள் கண்ணெதிரே கடித்தான். சாறு தாடையில் ஒழுக, "ம்ம். என் காசு நல்லாத்தான் இனிக்குது" என்றான். அமரெச் ஏணியை அடுத்த மரத்தில் ஓங்கிச் சாத்தினாள். அந்தப் பழத்துக்காக இல்லை. அவன் கடித்த விதம் அச்சு அசல் தாங்கா கடிப்பது மாதிரி இருந்தது. முதலில் தோலோடு ஒரு பக்கம், பிறகு மறு பக்கம். அண்ணன் தம்பி என்பதை அந்தப் பல் வரிசை சொன்னது. அன்றைக்கு அவள் அவனை இன்னும் அதிகமாக வெறுத்தாள்.

ஊர் இரண்டாகப் பிரிந்துகொண்டது. சந்தைக்குப் போகிறவர்கள் வேலியோரம் நின்று, "இன்னிக்கு எத்தனை தொங்குது?" என்று கேட்டுவிட்டுப் போனார்கள். வுபாலெம் மட்டும் எதிலும் சேரவில்லை. அவள் தலைநகரில் பிறந்தவள். ஓட்டைக் கூரையிலிருந்து ஒழுகும் தண்ணீருக்குச் சட்டியும் பானையும் வைத்து வைத்து அலுத்துப்போயிருந்தாள். வேலிக்கு இந்தப் பக்கம் பார்த்து, "அக்கா, உங்க ரெண்டு பேருக்கும் நடுவுல நான் ஒருத்தி நனைஞ்சு சாகறேன்" என்றாள்.

"உன் புருஷனைக் கூரை வேயச் சொல்லு. மரம் வெட்டற கோடாலிக்கு மூங்கில் வெட்டத் தெரியாதா?"

"வேற வீடு வரப்போகுதுன்னு அவரு இதைத் தொடமாட்டேங்கறாரே."

"அப்போ நனை" என்றாள் அமரெச்.

மழைக்காலம் முடியப் போகிற சமயம். ஒரு மதியம் மேற்கே வானம் வெண்ணிறமாகி, மலையே மூச்சைப் பிடித்துக்கொண்டது போல இருந்தது. ஆட்டைக் கட்ட வெளியே வந்த அமரெச் அந்த நிறத்தைப் பார்த்ததும் ஆட்டை விட்டுவிட்டுத் தன் போர்வையை உருவிக்கொண்டு தோட்டத்துக்கு ஓடினாள். ஏணியில் பாதி ஏறவில்லை, ஆலங்கட்டி இறங்கியது. முதலில் பட்டாணி போல, பிறகு கோழிமுட்டை போல. பச்சைப் பழ மரத்தின் உச்சியில் போர்வையை விரித்துப் பிடித்துக்கொண்டு அவள் நின்றாள். முதுகிலும் மண்டையிலும் கல் விழுவது போல விழுந்தது. இலையெல்லாம் கந்தலாகிப் பறந்தது. சருகுச் சட்டைகள் ஒவ்வொன்றாகக் கிழிந்து, உள்ளே இருந்த பழங்கள் சொத்துச் சொத்தென்று விழுவதை அவள் காதால் எண்ணவில்லை, எண்ணத் தெம்பில்லை. ஓய்ந்தபோது தரை முழுக்க வெள்ளை. வெள்ளைக்கு நடுவே சிவப்பும் பச்சையுமாக, அடிபட்டு வெடித்த ஆப்பிள்கள்.

அவள் இறங்கி ஒவ்வொரு மரமாகப் போய்த் தேடினாள். ஒரு பழமும் இல்லை. போர்வைக்கு அடியில் இருந்ததுகூடக் கிளை ஆடிய ஆட்டத்தில் உதிர்ந்திருந்தது.

அன்ஜுலோ வீட்டு வாசலிலிருந்து பார்த்துக்கொண்டிருந்தான். உள்ளே போனான். கோடரியோடு வந்தான். பனிக்கட்டி அவன் காலடியில் நறநறவென்று நொறுங்கியது.

"இறங்கியாச்சு அண்ணி. நான் இறக்கலை, நீ இறக்கலை. மேல இருக்கிறவன் இறக்கிட்டான். வெளிய போ."

"நாளைக்கு வெட்டு. பெரியவங்க வந்து பார்த்த பிறகு வெட்டு."

"மழைக்காலம் பூரா உன் பழத்துக்கு மூக்கு சிந்தி விட்டேன். இன்னும் ஒரு நாளா?" என்றான். முதல் மரத்தில் ஒரு போடு போட்டான். கோடரி பட்டையைப் பிளந்து வெள்ளைச் சதையில் இறங்கியது. அதைப் பிடுங்கி மறுபடி ஓங்கினான்.

கிளைக்கு முட்டுக் கொடுக்கும் மூங்கில் கழி ஏணியில் சாத்தியிருந்தது. அதை எடுத்தது எப்போது என்று பிறகு எத்தனை பேர் கேட்டும் அமரெச்சுக்குச் சொல்லத் தெரியவில்லை. நெற்றியில் பட்டது. அன்ஜுலோ ஒரு அடி பின்னால் போனான், உட்கார்ந்தான், எழுந்தான். புருவத்திலிருந்து ரத்தம் வழிந்து ஆலங்கட்டியில் சொட்டியது. அவன் கோடரியை எடுத்துக்கொண்டு அவளை நோக்கி வந்தான். அப்போது அவன் மரத்தைப் பார்க்கவில்லை.

வுபாலெம் போட்ட கூச்சலில் அக்கம்பக்கம் எல்லாம் ஓடிவந்தது. ஆண்கள் யாரும் கிட்டே போய்ப் பிடிக்கவில்லை. ஜாகாவும் இன்னும் மூன்று பெரியவர்களும் ஓடிவந்த வேகத்தில் ஓரத்திலிருந்து ஈரப் புல்லைக் கைநிறையப் பிடுங்கி, அதை ஏந்தியபடி இரண்டு பேருக்கும் நடுவே சேற்றில் மண்டியிட்டார்கள். ஒரு வார்த்தை பேசவில்லை. வயசான மனிதர்கள், மூச்சு இரைத்தது. ஜாகாவின் தலையிலிருந்து தொப்பி விழுந்து கிடந்தது.

மண்டியிட்ட பெரியவர் கையில் இருக்கும் புல்லைத் தாண்டி அடி எடுத்து வைத்தவன் அந்த மலையில் யாரோடும் சேர்ந்து உட்கார முடியாது. பிணம் விழுந்தால் தூக்க ஆள் வராது. அன்ஜுலோவின் கை தானாகத் தாழ்ந்தது. அமரெச்சின் கழியும் கீழே விழுந்தது. முட்டி போட்டு, நெற்றி சேற்றில் படும்படி கிடந்த ஜாகாவைப் பார்த்தபோது அவளுக்கு வெட்கமாக இருந்தது. ஆனால் வருத்தமாக இல்லை.

அன்று மாலையே கட்டு விழுந்தது. ஒரே குடும்பத்து ரத்தம் மண்ணில் சிந்திவிட்டது. தீட்டு கழியும் வரை அந்தத் தோட்டத்தில் யாரும் கால் வைக்கக் கூடாது. வெட்டவும் கூடாது, பறிக்கவும் கூடாது, விழுந்ததைப் பொறுக்கவும் கூடாது. அடித்தவள் ஒரு ஆடு கொண்டுவந்து, இரண்டு பேரும் ஒரே இலையில் சாப்பிட்டால்தான் தீட்டு கழியும்.

"அவனுக்கு ஆடு வெட்டறதா? அதுக்குப் பதிலா நான் பாம்புக்குப் பால் வார்ப்பேன்" என்றாள் அமரெச்.

"அவ கையால சாப்பிடறதா? விஷத்தை நேரா குடுங்க, குடிச்சிடறேன், ஆடாவது பொழைக்கும்" என்றான் அன்ஜுலோ, தலைக்கட்டைத் தடவிக்கொண்டு.

விழுந்த பழங்கள் விழுந்த இடத்திலேயே அழுகின. புளித்த சாராய வாடை நாட்கணக்கில் இரண்டு வீட்டுக்குள்ளும் வந்தது. குளவிகள் மொய்த்தன. மஸ்கல் திருநாளுக்கு அமரெச் பரணில் இருந்ததைச் சந்தைக்குக் கொண்டுபோனாள். வழக்கத்தில் பாதிகூட இல்லை. அன்ஜுலோவுக்குப் பேசிவைத்த தகரம் கைமாறிப்போனது. ஊரெல்லாம் தீ வளர்த்து ஆடிய அன்றைக்கு அந்த இரண்டு வீட்டிலும் கதவு சாத்தியிருந்தது.

பிறகு வெயில் காலம் வந்தது. அப்போதுதான் அமரெச்சுக்கு வலி தொடங்கியது.

அந்த மலையில் குளிர் உண்டு, ஆனால் ஆப்பிள் மரம் கேட்கிற அளவுக்கு இல்லை. அதற்குத் தானாக இலை உதிர்க்கத் தெரியாது. ஆள் ஏறி ஒவ்வொரு இலையாக உருவி விட வேண்டும். மொட்டையாக நின்றால்தான் மரம் தூங்கும், தூங்கினால்தான் பூக்கும். ஊர் முழுக்கப் பெண்களும் ஆண்களும் ஏணி போட்டு இலை உருவிக்கொண்டிருந்தார்கள். அவளுடைய எட்டு மரங்கள் மட்டும், ஆலங்கட்டி கிழித்த பழைய இலைகளைத் தொங்கவிட்டுக்கொண்டு, தூக்கம் வராத நோயாளிகள் போல நின்றன. அவள் வேலியைப் பார்க்காமல் இருக்கத் தண்ணீருக்குப் போகும் வழியை மாற்றிக்கொண்டாள். மாற்றின வழி சுற்று வழி. முட்டி வலித்தது. முட்டி வலிக்கும் போதெல்லாம் கொழுந்தனைத் திட்டினாள்.

ஒரு காலையில் வுபாலெம் வேலியோரம் வந்து கூப்பிட்டாள். "அக்கா, வெட்டுப்பட்ட மரத்துல பஞ்சு மாதிரி ஏதோ ஒட்டியிருக்கு. அது என்னது?"

அமரெச் போய் வேலி மேல் எட்டிப் பார்த்தாள். கோடரி பிளந்த வாயைச் சுற்றி வெள்ளை வெள்ளையாகப் பூச்சி. கிளை இடுக்குகளுக்கும் ஏறிவிட்டது. நசுக்கினால் ரத்தம் போலச் சிவப்பாக வரும், அவளுக்குத் தெரியும். ஒரு மரத்தில் வந்தால் சாம்பலும் சோப்புத் தண்ணீருமாகத் தேய்த்துக் கழுவி, கெட்ட கிளையை வெட்டி எரிக்க வேண்டும். விட்டால் தோட்டம் பூராவும் போகும். வேலிக்குள் கையை நீட்டினாள். கை எட்டவில்லை. எட்டினாலும் தொடக் கூடாது.

"உன் புருஷன் பார்த்தானா?"

"பார்த்தாரு. 'நல்லது, தானாச் சாகட்டும்'னாரு. அப்புறம் மத்தியானம் வரைக்கும் அங்கேயே நின்னு பார்த்துக்கிட்டிருந்தாரு."

அமரெச் வீட்டுக்குப் போய் அடுப்பின் முன் உட்கார்ந்தாள். கிழங்குக்காகவே வளர்க்கும் மலைவாழையின் புளித்த மாவில் ரொட்டி ஒன்றைச் சுட்டாள், சாப்பிடவில்லை. பிறகு எழுந்து தொழுவத்தில் இருந்த கடாவை அவிழ்த்து, பட்டப்பகலில், எல்லோரும் பார்க்க, கயிற்றைப் பிடித்து இழுத்துக்கொண்டு கொழுந்தன் வாசலுக்குப் போனாள்.

அன்ஜுலோ வெளியே வந்தான். நெற்றித் தழும்பு பளபளத்தது.

"உன்னை எனக்குப் பிடிக்காது. சாகற வரைக்கும் பிடிக்காது. வா, சாப்பிடலாம்" என்றாள்.

அவன் அவளைப் பார்க்காமல் ஆட்டைப் பார்த்தான். "ஆடு இளைச்சிருக்கு."

"உனக்கு இது போதும்."

அவன் சிரிக்கவில்லை. ஆனால் கயிற்றை வாங்கிக்கொண்டான்.

தோட்டத்தின் ஓரத்திலேயே ஆட்டை அறுத்தார்கள். பெரியவர்கள் சுற்றி உட்கார, பெரிய வாழை இலையில் ரொட்டியும் கறியும் வைத்தார்கள். அந்தச் சாப்பாட்டில் ஒரு கெட்ட வார்த்தை வந்தால் எல்லாம் வீண், மறுபடி முதலிலிருந்து வர வேண்டும். அதனால் இரண்டு பேரும் பல்லைக் கடித்துக்கொண்டு உட்கார்ந்தார்கள். முதல் கவளத்தை ஒருத்தர் வாயில் மற்றவர் ஊட்ட வேண்டும். அமரெச் ரொட்டித் துண்டை எடுத்து, மிளகாய்த் துவையலில் நன்றாகப் புரட்டி, மறுபடியும் புரட்டி, அவன் வாயில் திணித்தாள். அன்ஜுலோவின் கண்ணில் தண்ணீர் தளும்பியது, காது சிவந்தது. வாய் திறக்க முடியாது. மென்று விழுங்கினான். தன் முறை வந்ததும் அவன் இலையை நிதானமாகத் துழாவி, எலும்போடு சவ்வு பிடித்த துண்டாகப் பார்த்து எடுத்து அவள் வாயில் வைத்தான். அவளுக்கு இருந்ததோ நாலு கடைவாய்ப் பல். அவள் மெல்லத் தொடங்கி, பெரியவர்கள் எல்லாம் சாப்பிட்டு முடிக்கும் வரை மென்றுகொண்டிருந்தாள்.

"திருப்தியா?" என்று கேட்டார் ஜாகா.

இரண்டு பேரும் தலையை ஆட்டினார்கள்.

அதன் பிறகுதான் பேரம். வாயில் காரம் இறங்கவே அன்ஜுலோவுக்கு நேரமாயிற்று. வெட்டுப்பட்ட மரத்தையும் அதன் பக்கத்து இரண்டையும் எடுத்தால் வீட்டுக்கு இடம் போதும் என்றான். இரண்டு போதும் என்றாள் அவள். "எங்கண்ணன் வீடே அதைவிடப் பெருசு" என்றான். கடைசியில் மூன்று. மீதி ஐந்தும் அவன் நிலத்தில் நிற்கும், அவள் பார்த்துக்கொள்வாள், பழத்தில் பாதி அவனுக்கு.

"பாதியா? எதுக்கு? வேலியில சாஞ்சு நின்னதுக்கா?"

"கன்னு வாங்கினதுக்கு."

எல்லோரும் அமரெச்சைப் பார்த்தார்கள். அவள் எலும்பைத் துப்பினாள்.

"சரி. கன்னு வாங்கினதுக்கு" என்றாள். அவள் வாயிலிருந்து அந்த வார்த்தை வந்ததும் அன்ஜுலோ தலையைக் குனிந்துகொண்டு இலையில் மிச்சம் இருந்ததை வழித்தான். பிறகு, பாதி வேண்டாம், மூன்றில் ஒன்று போதும் என்று தரையைப் பார்த்துச் சொன்னான். அவள் நன்றி சொல்லவில்லை. அவனும் எதிர்பார்த்ததாகத் தெரியவில்லை.

மூன்று மரங்களும் மறுநாள் விழுந்தன. அமரெச் வீட்டுக்குள்ளேயே இருந்தாள், ஒவ்வொரு சத்தத்துக்கும் அடுப்பில் ஒரு விறகைச் செருகிக்கொண்டு. பூச்சி பிடித்த கிளைகளை எரித்த புகை ரெண்டு நாள் மலையில் தங்கியது.

அதற்கு அடுத்த நாள் அவள் ஏணியோடு மேல் தோட்டத்துக்குப் போனாள். காலம் கொஞ்சம் தள்ளிப்போயிருந்தாலும் இலையை உருவினால் பூ வர வழி உண்டு. உருவத் தொடங்கிக் கொஞ்ச நேரத்தில் மரத்தின் மறுபக்கம் இன்னொரு ஏணி வந்து சாய்ந்தது. அன்ஜுலோ ஏறினான்.

"உன்னை யாரு கூப்பிட்டா?"

"என் நிலத்துல உன்னைத் தனியா விட்டுட்டுத் தூங்க நான் என்ன பைத்தியமா?"

"மொட்டு இருக்கிற எடத்துல கையை வச்சு இழுக்காதே. மேல் பக்கமா உருவு. தறி இல்லை இது."

"தெரியும்."

"தெரிஞ்சிருந்தா இப்படி இழுப்பியா? அடிச்சுப் பழகின கை."

"யாரு கை?" என்று நெற்றியைக் காட்டினான்.

அவள் அடுத்த கிளைக்குக் கையை மாற்றினாள். இலைகள் இரண்டு பக்கமும் உதிர்ந்தன. அவன் முதலில் இரண்டு மொட்டுகளை முறித்தான், அவள் பார்த்தாள், சொல்லவில்லை. மூன்றாவது கிளையில் அவன் கை சரியாக மேல்நோக்கிப் போனது. கீழே வுபாலெம் உதிர்ந்த இலைகளைக் கூட்டி ஆட்டுக்கு அள்ளிக்கொண்டிருந்தாள். மதியத்துக்குள் ஒரு மரம் மொட்டையானது. இரண்டு பேரும் இறங்கி, ஒருவர் முகத்தை ஒருவர் பார்க்காமல், தத்தம் ஏணியைத் தூக்கிக்கொண்டு அடுத்த மரத்துக்குப் போனார்கள்.